துறையின் சார்பில் ஞானதுரை

சுகாதாரத் துறையில் ஞானதுரையின் வேலை ஜெயிலுக்குப் போவது. துறை கோர்ட் உத்தரவை மதிக்காமல் விட்டு அவமதிப்பு வழக்கு வந்தால், செயலாளருக்குப் பதிலாக அவர் போய்க் கூண்டில் நிற்பார். தண்டனையையும் அவரே அனுபவிப்பார். உத்தரவை நிறைவேற்றுவதைவிட இது அரசுக்குச் சுலபம்.

இன்றைய வழக்கைப் போட்டவள் அவர் மனைவி புஷ்பலீலா. மகளுக்குச் சுவாசக் கருவி கொடுக்கச் சொல்லிக் கோர்ட் உத்தரவிட்டும் துறை கொடுக்கவில்லை. புருஷனும் பெண்டாட்டியும் மாறி மாறிக் காற்றுப்பையை அமுக்கித்தான் பிள்ளையை மூச்சுவிட வைத்துக்கொண்டிருந்தார்கள். இப்போது பக்கத்து வீட்டு மேரியக்கா அமுக்குகிறாள்.

“ஒரு மாதம் சிறை” என்றார் நீதிபதி.

“ஐயா, இவரு என் வீட்டுக்காரருங்க!” புஷ்பலீலா கத்தினாள். “எங்க பிள்ளை கேசுக்காவது செயலாளர் வருவாருன்னு நெனச்சேனே!”

“சட்டப்படி இவர்தாம்மா செயலாளர். நீங்க கேட்ட நீதி கிடைச்சிருச்சு.”

போலீஸ் வேன்வரை அவள் பின்னாலேயே ஓடினாள். “மேரியக்கா வேலைக்குப் போயிருவாங்களே. நான் ஒருத்தி எப்படிங்க தூங்காம அமுக்குவேன்?”

ஞானதுரை வேனில் ஏறி உட்கார்ந்தார். விலங்கு மாட்டிய அவர் கை, மடியில், வெறும் காற்றை அமுக்கி அமுக்கி விட்டுக்கொண்டிருந்தது.