ஆட்சேபணை இல்லை

வேட்டை உரிமத்துக்குக் கட்டணம் மூன்று கௌதாரி முட்டை. நான்கு நாள் பசியிலும் அவற்றை உடைக்காமல் கொண்டுவந்து வைத்தது காட்டுப்பூனை. எழுத்தர் உடும்பு நிமிர்ந்து பார்த்தது.

"இது போதாதுங்க. நீங்க வேட்டையாடப் போற பகுதியில இருக்கற முயல் ஒருத்தர் ஆட்சேபணை இல்லைன்னு கைநாட்டு வைக்கணும்."

"எந்த முயலுங்க வைக்கும்?"

"போய்க் கேட்டுப் பாருங்க."

பூனை மேட்டுப்புதர் முயலிடம் போய்க் கேட்டது. முயல் புதருக்குள்ளிருந்தே எட்டிப் பார்த்தது.

"என் புதர்ப் பக்கம் வரமாட்டீங்களே?"

"வரமாட்டேன்."

"அப்ப எனக்கென்ன ஆட்சேபணை?" முயல் பாதத்தைச் சேற்றில் தோய்த்துத் தாளில் அழுத்தியது. பூனை கேட்காமலே, "ஓடைக்கரையில என் தம்பி இருக்கான். நல்லாக் கொழுத்தவன்" என்றும் சொன்னது.

பூனை திரும்பி வந்து தாளை நீட்டியது. உடும்பு அதைக் கோப்பில் வைத்தது. அங்கே ஏற்கெனவே இருந்த தாளிலும் ஒரு முயலின் பாதம். சேறு இன்னும் காயவில்லை.

"இது யாரோடது?"

"ஓடைக்கரை முயலோடது. நரிக்குக் கொடுத்திருக்கார்." உடும்பு முத்திரை குத்தியது. "நரி இப்பத்தான் மேட்டுப்புதருக்குக் கிளம்பிச்சு."

பூனை உரிமத்தைக் கவ்விக்கொண்டு ஓடைக்கரைப் பக்கம் நடந்தது.