டிராக்டர் ஊரில் இல்லாத நாள்

"டிவிய ஒளிச்சிட்டீங்க, சரி. மேல நிக்குதே ஆண்டெனா, அது இன்னா காக்கா ஓட்டவா?" என்று மனைவி ரங்கம்மாள் கேட்ட பிறகுதான் தெய்வசிகாமணி மாடிக்கு ஓடினார்.

கச்சிராயபாளையத்தை ஒட்டிய கிராமம் அது. இடஒதுக்கீடு கேட்டு ஜில்லாவே கொதித்துக்கொண்டிருந்த சமயம். யார் யார் எவ்வளவு பின்தங்கியிருக்கிறார்கள் என்று வீடு வீடாகக் கணக்கெடுக்க அரசாங்கத்து ஆள் வருகிறாராம். யாரும் நன்றாக இருப்பதாகக் காட்டிக்கொள்ளக் கூடாது என்று ஊர்க்கூட்டத்தில் முடிவாகியிருந்தது.

கோமுகி அணைத் தண்ணீரில் கரும்பு போட்டு, வருஷக்கணக்கில் சேர்த்த முன்னேற்றத்தை ஒரே காலையில் மறைக்க வேண்டும். லேசான வேலையா? டிராக்டர் மச்சான் ஊருக்குப் போயிற்று. புல்லட் வைக்கோல் போருக்குள் புகுந்தது. மாடி வீட்டை மட்டும் எங்கும் அனுப்ப முடியவில்லை. கேட்டால், கோர்ட்டில் வழக்கு கிடக்கிறது என்று சொல்லிக்கொள்ளலாம். களையெடுக்க வரும் ஆயம்மாள் வீட்டிலிருந்து கிழிந்த பாயும் மண்பானையும் வந்தன.

"எல்லாத்தயும் இங்க குடுத்துட்டா, எங்க வூட்டுக்கு வர்ற ஆளுக்கு நான் இன்னாத்தக் காட்றது?" என்றாள் ஆயம்மாள்.

"நீ ஒண்ணும் காட்ட வேணாம். உனுக்கு அந்தக் கஷ்டமே இல்ல பாரு."

ரங்கம்மாளின் கவலை வேறு. "தரகர் சொன்ன எடத்துலேர்ந்து நாளன்னிக்கு நம்ம பொண்ணு தங்கமணியப் பாக்க வராங்க. அதுக்குள்ள எல்லாம் திரும்பி வந்துடணும். ஏற்கெனவே மூணு எடம் தட்டிப்போச்சு. இதுவும் போச்சுன்னா நான் மனுஷியா இருக்க மாட்டேன்."

"வந்துடும், வந்துடும். இன்னிக்கு ஒரு நாள் ஏழையா இரு."

பதினோரு மணி பஸ் வந்து போன சற்று நேரத்தில் வாசலில் இரண்டு பேர் நின்றார்கள். ஒருவர் வாட்டசாட்டமான ஆள், பெரிய மீசை. இன்னொருவர் ஒல்லியாக, மூக்குக்கண்ணாடியும் அக்குளில் பையுமாக.

மீசைக்காரர் வாயைத் திறப்பதற்குள் தெய்வசிகாமணி முந்திக்கொண்டார். "வாங்கய்யா. உங்களத்தான் எதிர்பாத்துக்கினு இருக்கறோம். ஒக்காருங்க, இந்தப் பாய்தான் எங்ககிட்ட இருக்குது."

மீசைக்காரர் பாயைப் பார்த்தார், கிழியாத ஓரமாகத் தேடி உட்கார்ந்தார். "நெலம் எவ்ளோ வரும்?"

"சொல்லிக்கிற மாதிரி இல்லீங்க. மலையோரமா கல்லுக்காடு கொஞ்சம்."

"கெணத்துல தண்ணி?"

"குருவி குளிக்கும்."

"வண்டி வாகனம்?"

தெய்வசிகாமணி தன் கால்களைக் காட்டினார்.

"அணை வந்து, ஆலை வந்து, இந்தப் பக்கம் ஜாஸ்தி வளந்துடுச்சின்னு பேசிக்கிறாங்களே?"

"வளந்ததெல்லாம் வேலிக்கருவதாங்க. வளர்ச்சி கள்ளக்குறிச்சி வரைக்கும் வந்துச்சாம். அங்கேர்ந்து டவுன் பஸ் கெடைக்கலயாம்."

கண்ணாடிக்காரர் மண்பானைத் தண்ணீரை மொண்டு குடித்தார்.

"பொண்ணு இன்னா படிச்சிருக்குது?" என்றார் மீசைக்காரர்.

"அஞ்சாவதோட நிறுத்திட்டேங்க. மேல படிக்க வெக்க வசதி ஏது?"

உள்ளே ஒரு பாத்திரம் ணங்கென்று விழுந்தது. டீச்சர் டிரெயினிங் முடித்த தங்கமணியின் பதில் அது.

மீசைக்காரரின் முகம் தொங்கிப்போயிற்று. "அப்போ பொண்ணுக்கு இன்னா செய்யறதா உத்தேசம்?"

"அரசாங்கம் பாத்து இன்னா செஞ்சாலும் சரிங்க."

"அரசாங்கம் எதுக்குச் செய்யணும்? நான் திருக்கோவிலூர் ராஜாங்கம். தரகர் சொல்லலியா? நாளன்னிக்கு மறியலாம், ரோட்டுல மரத்த வெட்டிப் போடப் போறாங்களாம். பஸ் ஓடாது. பொம்பளைங்களப் பொறவு கூட்டியாரலாம்னு இன்னிக்கே வந்துட்டோம்."

உள்ளேயிருந்து ரங்கம்மாள் தலையில் அடித்துக்கொள்ளும் சத்தம் கேட்டது.

"சம்பந்தி, தப்பா நெனச்சிக்காதீங்க. கணக்கெடுக்கற ஆளுன்னு நெனச்சி சொல்லிட்டேன். அத்தனையும் பொய்யி. பன்னெண்டு ஏக்கரா கரும்பு நிக்குது. ரெண்டு கெணறு, ரெண்டுலயும் மோட்டாரு. டிராக்டரு மச்சான் ஊர்ல இருக்குது. புல்லட்டு இதோ, இந்த வைக்கோலுக்குள்ள." ஓடிப்போய் வைக்கோலை வாரி இறைத்துக் காட்டினார். "பொண்ணு டீச்சருக்குப் படிச்சிருக்குது."

ராஜாங்கம் புல்லட்டையே பார்த்தார். பிறகு வயிறு குலுங்கச் சிரித்தார்.

"எங்க வூட்டுக்குப் போன வாரம் வந்தாங்க சம்பந்தி. ஆடு மேய்க்கிறேன்னு சொன்னேன். என் ரெண்டு டிராக்டரும் இன்னும் திருநாவலூர்ல தங்கச்சி வூட்டுலதான் நிக்குது. நம்ம ரெண்டு குடும்பத்துக்கும் நல்லாவே ஒத்துப்போவும். தட்டு மாத்திக்கலாம், தேதி பாருங்க."

ரங்கம்மாளுக்கு உயிர் வந்தது. நெல் மூட்டைக்குப் பின்னாலிருந்து வெள்ளி டம்ளர்கள் வெளியே வந்தன. காபி மணத்தது.

தெய்வசிகாமணி இன்னொரு டம்ளரைக் கண்ணாடிக்காரரிடம் நீட்டினார். "எடுத்துக்குங்க. வந்ததுலேர்ந்து நீங்க ஒரு வார்த்த பேசலியே. மாப்ளைக்கு மாமா மொறைங்களா?"

"என்னயா கேக்கறீங்க?" என்றார் ராஜாங்கம். "நான் எங்க கூட்டியாந்தேன்? பஸ்ஸ வுட்டு எறங்கி உங்க வூட்டுக்கு வழி கேட்டேன். நானும் அங்கதான் போறேன்னு கூடவே வந்தாரு. தரகரும் உங்க பக்கத்து ஆள பஸ்ஸுக்கு அனுப்பறேன்னு சொன்னாரா, உங்க பங்காளின்னுல்ல நெனச்சிக்கினேன்."

கண்ணாடிக்காரர் காபியை நிதானமாகக் குடித்து முடித்தார். பையைத் திறந்து பேனாவை எடுத்தார்.

"கணக்கெடுக்க வந்தவன் நான்தாங்க. நான் கேக்க வேண்டியதெல்லாம் அவரே கேட்டுட்டாரு, நீங்களும் ரெண்டு விதமா பதில் சொல்லிட்டீங்க. ஒரே ஒரு கேள்விதான் பாக்கி. இந்தப் பத்து வருஷத்துல உங்க குடும்பம் முன்னேறியிருக்குதா, இல்லியா?"