ஒற்றைப் பல்

சுங்கச்சாவடியில் வெள்ளரிப்பிஞ்சு விற்ற இருசப்பன் ஒரே ஒரு படத்தில், ஒரே ஒரு காட்சியில், மகனின் பிணத்தைப் பார்த்துச் சிரித்தார். மேல்வரிசையில் மிச்சமிருந்த அவருடைய ஒற்றைப் பல்லுக்குப் படவிழாக்களில் எழுந்து நின்று கைதட்டினார்கள். பனியன்களில் அச்சாகிக் கல்லூரிகளுக்குள் அது நடமாடியது. ரசிகர்கள் காரை ஓரங்கட்டிவிட்டு வந்து, "தாத்தா, அந்தச் சிரிப்பு ஒண்ணு" என்பார்கள். சிரிப்பார். ஒருவரும் வெள்ளரிப்பிஞ்சு வாங்கியதில்லை.

பிறகு அந்தப் பல் வலிக்கத் தொடங்கியது. ஈறில் சீழ் கட்டிக் கன்னம் வீங்கியது. அந்தப் படத்தின் இயக்குநரே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனார்.

"மருந்து மட்டும் குடுங்க டாக்டர், பல்லுல கை வெச்சிடாதீங்க. அடுத்த படமே அதை நம்பித்தான் இருக்கு."

"உசுரு போவுதுங்க தம்பி" என்று இருசப்பன் கன்னத்தைப் பிடித்துக்கொண்டார். இயக்குநர் சட்டென்று திரும்பிப் பார்த்தார். "அப்படியே இருங்க பெரியவரே, அசையாதீங்க" என்று செல்போனை எடுத்தார்.

படப்பிடிப்பன்று இருசப்பன் வாயைத் திறந்தபோது பல் இல்லை. வலி பொறுக்காமல், முந்தின நாள் அவரே குறடு போட்டுப் பிடுங்கியிருந்தார். இயக்குநர் அவர் முகத்தைக்கூடப் பார்க்காமல் உதவியாளரிடம் சொன்னார்: "வேற ஆள் பாரு."

இருசப்பன் அவசரமாகச் சட்டைப்பையிலிருந்து ஒரு காகிதப் பொட்டலத்தை எடுத்துப் பிரித்தார். பல்லை ரத்தம் காயாத ஈறில் வைத்து, கட்டைவிரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வழியச் சிரித்தார்.

இயக்குநர் கேமரா வழியே வெகுநேரம் பார்த்தார்.

"விரல் தெரியுது பெரியவரே. விரலை எடுத்துட்டுச் சிரிங்க."