பூஜ்யம் காட்டிய கோப்பு

“கையை எடுங்கம்மா! அதை அழிச்சா தொலைஞ்சோம்.”

வாசலை அடைத்துக்கொண்டு நின்ற பாய்லர் அண்ணன் போட்ட அதட்டலில், கம்ப்யூட்டர்காரம்மா மவுஸை விட்டுவிட்டாள்.

ஆஸ்பத்திரியின் இருபது கம்ப்யூட்டர்களையும் சுத்தம் செய்ய வந்தவள் அவள். பாய்லர் அறைக் கம்ப்யூட்டரில் பழைய பிரிண்டர் புரோகிராமை நீக்கியபோது திரை கேட்டது: ‘இந்த டி.எல்.எல். கோப்பை வேறு எந்தப் புரோகிராமும் பயன்படுத்தவில்லை. அழிக்கலாமா?’

“டி.எல்.எல்.னா என்னன்னு தெரியுமாண்ணே?”

“தெரியாது. தெரியாததைத் தூக்கிப் போடக்கூடாதுன்னு தெரியும்.”

“இது தானா ஒண்ணும் செய்யாது. மத்த புரோகிராம் கூப்பிட்டா ஓடிப்போய் கை கொடுக்கும். செட்டப் போடறப்பவே, இது எத்தனை புரோகிராமுக்குத் தேவைன்னு விண்டோஸ் எண்ணி வச்சுக்கும். இப்ப பூஜ்யம் காட்டுது. வெட்டியா கிடக்கு.”

“பத்து மணிக்கு ஆபரேஷன். கத்தி, கத்தரியெல்லாம் இந்த பாய்லர் ஆவியிலதான் வேகணும். ஆவியோட அழுத்தத்தை இந்த கம்ப்யூட்டர் டப்பாதான் பார்த்துக்குது. அது நின்னா நீங்க வாயால ஊதுவீங்களா?”

அதற்குள் அவர் போன் அடித்தது. குழந்தைகள் வார்டில் வெந்நீர் வரவில்லையாம். “மாடியில சிவப்பு வால்வைத் திற. வலது பக்கம் இல்ல, இடது பக்கம்!” வைத்த கையோடு சலவைப் பிரிவிலிருந்து ஒரு போன்.

மனுஷன் விடமாட்டார் என்று அவளுக்குப் புரிந்தது. “சரி, அழிக்கல. கோப்பை ஓரமா எடுத்து வச்சிட்டு, பாய்லர் புரோகிராமை ஒருதரம் மூடித் திறக்கறேன். போதுமா?”

மூடினாள். திறந்தாள். திறக்கவில்லை. ‘கோப்பைக் காணவில்லை’ என்றது திரை. பாய்லர் உறுமியது. அண்ணன் ஒரே எட்டில் பாய்ந்து வால்வைக் கையால் பிடித்துக்கொண்டார்.

அவள் அவசரமாகக் கோப்பைத் திரும்ப வைத்தாள். புரோகிராம் திறந்தது. உறுமல் அடங்கியது.

“இந்தப் புரோகிராமை யாருண்ணே ஏத்தினது?”

“டப்பா வந்த அன்னிக்கு ஒருத்தன் பென்டிரைவ்ல அள்ளிட்டு வந்து அப்படியே கொட்டினான்.”

“அதான்! செட்டப் போடல. எண்ணிக்கையில ஏறல.”

“ஏறலன்னா ஆள் இல்லைன்னு ஆயிடுமா?” என்றார், கையைத் துடைத்தபடி.

ஆபரேஷன் தப்பியது இவரால்தான் என்று அறிக்கையில் எழுதிவிடுவது என்று முடிவு செய்தாள். அவர் பெயரைப் பார்க்க ஆஸ்பத்திரி ஊழியர் பட்டியலைத் திறந்தாள். மேலும் கீழும் தேடினாள்.

“என்னண்ணே, பாய்லர் பிரிவுல ஆளே இல்லைன்னு காட்டுது?”

மறுபடி போன். எடுத்துக் காதில் வைத்துக்கொண்டே சொன்னார்:

“இந்த டப்பாவை வச்ச அன்னிக்கே என்னை வீட்டுக்கு அனுப்பிட்டாங்கம்மா, மூணு வருஷமாச்சு. இன்னும் கூப்பிடறாங்க, வர்றேன்.”