ஹெட்ஷாட் கூட்டாளி

"ஹெட்ஷாட்னா ஸ்டூடியோவுல எடுக்குற போட்டோன்னுல நெனச்சேன். நீங்க ஆளைத் தலையில சுடுறீக," என்றாள், மசக்கையில் சுருண்டு கிடந்த ஆன் மேரி. புருஷன் பாண்டீஸ்வரன் இயர்போனை மாட்டிக்கொண்டு செல்போனில் துப்பாக்கிச் சண்டை விளையாடிக்கொண்டிருந்தான்.

"அப்படி யாருகூடத்தான் தினமும் ஆடுறீக?"

"அரியக்குடியில ஒரு ரிட்டயர்டு வாத்தியாரு."

அரியக்குடி வாத்தியார் என்றால் அது அவள் அப்பாதான். வேறு மதத்தில் கட்டிக்கொண்டாள் என்று அவளோடு பேச்சையே நிறுத்திவிட்ட அப்பா.

"நீங்க யாருன்னு தெரிஞ்சா எங்க அப்பா போனைத் தூக்கி எறிஞ்சிருவாரு."

"தெரியாது. வேற பேருலதான் ஆடுறேன்."

அவள் ஒரு பக்க இயர்போனை உருவித் தன் காதில் வைத்தாள்.

"ஹெட்ஷாட், தம்பி," என்று சிரித்த அப்பாவின் குரல், சற்றுத் தயங்கித் தணிந்தது.

"மேரிக்கு இப்ப வாந்தி நின்னுருச்சா?"