மடியில் கிடந்த தலை

வத்சலா தன்னைவிட நான்கு வயது மூத்த கதாநாயகனுக்கு அம்மாவாக நடித்துக்கொண்டிருந்தாள். சிறையிலிருந்து திரும்பிய மகன் தாயின் மடியில் தலைவைத்து அழுகிற காட்சி. தலைச்சாயமும் வியர்வையும் கலந்த வாடை அவள் மூக்கில் ஏறியது. ஒத்திகையில் கோதிவிட்ட விரல்களில் கறுப்பு ஒட்டியது.

முப்பது வருடங்களுக்கு முன் கதாநாயகியின் தோழியாக அவள் நடித்த முதல் படத்துக்கும் இவன்தான் நாயகன். ஊட்டியில் தங்கியிருந்தபோது அவள் அறைக் கதவை மூன்று இரவு தட்டினான். அவள் திறக்கவில்லை. படம் வெளிவந்தபோது அவளுக்கு இரண்டே காட்சிகள் மிஞ்சியிருந்தன. அதன்பிறகு சினிமாவிலும் சீரியலிலும் அண்ணி, அத்தை, இப்போது அம்மா.

"ஆக்‌ஷன்!"

அவன் அவள் மடியில் முகம் புதைத்துக் குலுங்கினான். குலுங்கியபடியே அவளுக்கு மட்டும் கேட்கும்படி முனகினான்: "அன்னிக்குக் கதவத் தொறந்திருந்தா, இன்னிக்கு எனக்கு ஜோடியா இருந்திருப்பே."

"கட்!" என்றார் இயக்குநர். "முகத்துல பாசமே வரலியேம்மா. ஏதோ நாத்தத்த மோந்த மாதிரி இருக்கு. இன்னொரு தடவ போலாம்."

மறுபடியும் அவன் அதையே முனகினான். இந்த முறை சிரிக்கவும் செய்தான். அந்தச் சிரிப்பு அவள் தொடையில் அதிர்ந்தது.

கேமரா ஓடிக்கொண்டிருக்கையிலேயே, அம்மாவின் அதே கனிந்த குரலில் வத்சலா சொன்னாள்: "சத்தமாச் சொல்லுப்பா. எல்லாருக்கும் கேக்கட்டும்."

மூலையில் உட்கார்ந்திருந்த ஒலிப்பதிவாளர் காதிலிருந்து ஹெட்போனைக் கழற்றினார்.

"எனக்குக் கேட்டுச்சுக்கா," என்றார். "ரெண்டு தடவையும்."

மடியில் குலுக்கம் நின்றது.