கரிக் கார்

"குடிச்சிட்டா வண்டி ஓட்டினே?"

லட்சுமியம்மாள் போட்ட சத்தத்தில் திண்டிவனம் போலீஸ் ஸ்டேஷனே திரும்பிப் பார்த்தது. லாக்கப்பில் இருந்த டிரைவர் அடைக்கலராஜ் தலையைக் குனிந்துகொண்டான்.

"ஆமாம்மா. குடிச்சேன்."

"புளியமரத்துல லேசா மோதிட்டு, எறங்கி நிக்க முடியாம தள்ளாடறான். நாக்கு வேற கொழறுது. கேட்டதும் ஒத்துக்கினான்" என்றார் ஏட்டு. "கார் உங்களுது, நீங்க எடுத்துக்கினு போங்க. இவனுக்கு ஜாமீன் போடறீங்களா?"

"குடிகாரனுக்கு நானா? கெடக்கட்டும்!"

அது யுத்த காலம். பெட்ரோல் கிடைக்காது. காரின் பின்னால் ஒரு கரி உலையைக் கட்டி, அதன் வாயுவில் ஓட்டுவார்கள். மேடு வந்தால் காசு கொடுத்து ஏறினவர்களே இறங்கித் தள்ளுவார்கள், அதுவும் சிரித்துக்கொண்டே! அந்தச் சிரிப்பை இப்போது எந்தக் காரில் பார்க்க முடிகிறது? புருஷன் போன பிறகு லட்சுமியம்மாளுக்கு மிஞ்சியது அப்படியொரு வாடகைக் கார்தான். விழுப்புரத்தில் அவள் வீட்டு அடுப்பு எரிந்ததே அந்தக் கரியை நம்பித்தான்.

காரை எடுத்துப்போகக் கூட அழைத்து வந்திருந்த இன்னொரு டிரைவர் மாரியப்பன் வண்டியைக் கிளப்பினான்.

"அம்மா, கண்ணாடிய எறக்கி வுட்டுக்கினே போங்கம்மா!" என்று உள்ளேயிருந்து கத்தினான் அடைக்கலராஜ்.

"எனக்குப் புத்தி சொல்ற மூஞ்சியப் பாரு!"

வழியெல்லாம் புழுதி. அம்மாள் எல்லாக் கண்ணாடியையும் ஏற்றிவிட்டாள்.

விக்கிரவாண்டி வருவதற்குள் அவளுக்குத் தலை கிறுகிறுத்தது. நிறுத்தச் சொல்ல வாயெடுத்தால் நாக்கு புரளவில்லை. மாரியப்பனே சமாளித்து வண்டியை ஓரங்கட்டினான். தட்டுத்தடுமாறி இறங்கியவள், மல்லாட்டை என்கிற வேர்க்கடலையை விற்றுக்கொண்டிருந்தவளின் கூடைமேலேயே சாய்ந்தாள்.

"அடக் கண்றாவியே! பட்டப்பகல்ல பொம்பள குடிச்சிட்டு வர்றாளே!" என்றாள் மல்லாட்டைக்காரி.

மாரியப்பனும் வாந்தியெடுத்தான். முகத்தைக் கழுவிக்கொண்டு காருக்கடியில் குனிந்து பார்த்தான்.

"பேஜாரும்மா! வாயு வர்ற குழாய் வெடிச்சிருக்கு. பழைய வெடிப்பு. அடைக்கலம் துணி சுத்திக் கட்டி வெச்சிருக்கான், அது தீஞ்சிப்போச்சு. வாயு பூரா உள்ளதான் வருது. குடிச்சவனாட்டமே ஆட்டிடும்."

லட்சுமியம்மாள் திண்டிவனம் பக்கம் திரும்பிப் பார்த்தாள்.

"வண்டியத் திருப்புப்பா. கண்ணாடிய எறக்கி வுடு."

ஸ்டேஷனில் நுழைந்ததும், "ஜாமீன் நானே போடறேங்க" என்றாள் ஏட்டிடம். பிறகு லாக்கப் கம்பியருகே போனாள். கண் கலங்கியிருந்தது.

"ஏம்பா, கள்ளுக்கடைப் பக்கமே போகாதவன் நீ. வாயு ஏறிடிச்சின்னு ஒரு வார்த்த சொல்றதுக்கென்ன?"

அடைக்கலராஜ் ஏட்டை ஓரக்கண்ணால் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினான்.

"மெதுவாப் பேசுங்கம்மா. குடிகாரன்னா என்ன மட்டும்தான் புடிச்சி வெப்பாங்க. குழாய்ல ஓட்டைன்னா உங்க வண்டியத்தான புடிச்சி வெச்சிக்குவாங்க!"